நாற்பத்தோரடி நடைக்கூடம்

கணபதிப் பகுதியில், பம்பு பட்டறைகளுக்கும் மாவு மில்லுக்கும் நடுவே நிற்கும் மூன்று மாடிக் கட்டடத்தின் முதல் மாடியில், ஜப்பானியர்களைப் பயமுறுத்துவதற்கென்று ஒரு நடைக்கூடத்தைப் பதினொரு பேர் ஒன்பது மாதமாகக் கட்டிக்கொண்டிருந்தார்கள் என்றால் அதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை. கோயம்புத்தூர் எதைக் கேட்டாலும் செய்து அனுப்பும் ஊர். மாவரைக்கும் கல்லைக் கேட்டார்கள், செய்து அனுப்பியது. நீர் இறைக்கும் மோட்டாரைக் கேட்டார்கள், செய்து அனுப்பியது. பயத்தைக் கேட்டார்கள், அதையும் செய்யத் தொடங்கியது. வியப்பதற்கு உரியது, ஒன்பது மாதம் உழைத்தும் அந்தப் பயம் வந்து சேரவில்லை என்பதுதான்.

அது ஒரு வீடியோ கேம். மலைமேல் கைவிடப்பட்ட ஒரு பட்டாலையின் பெண்கள் விடுதிக்குள், கையில் ஒரு சிறு விளக்கைத் தவிர வேறொன்றும் இல்லாமல், விளையாடுபவர் தனியாக நடக்க வேண்டும். எதிர்த்துச் சண்டையிடுவதற்கு அதில் ஆயுதம் கிடையாது, உயிரோடு வெளியே வருவது ஒன்றே வெற்றி. பட்டுக்கூடுகளைக் கொதிநீரில் இட்டு இழை பிரித்த பெண்கள் நூறாண்டுகளுக்கு முன் தங்கியிருந்த அந்த விடுதியின் மையத்தில் நாற்பத்தோரடி நீளத்தில் ஒரு நடைக்கூடம். இருபுறமும் ஆறாறு காகிதக் கதவுகள். கடைசியில், சுவரைப் பார்த்தபடி, ஈரத் தலைமுடியோடு ஒருத்தி நிற்பாள். கதையை எழுதி இயக்கியவர் ஒசாகாவில் இருந்த இசோமுரா என்ற அறுபது வயதுக்காரர். நடைக்கூடத்தைக் கணினியில் பலகை பலகையாகக் கட்டும் பொறுப்பு கோகிலவாணியுடையது.

கோகிலவாணிக்கு வயது முப்பத்து நான்கு. ஏழு ஆண்டுகளில் அவள் கை வைத்த விளையாட்டுகளை உலகத்தின் பாதி விளையாடியிருந்தது. அவற்றுள் ஒன்றின் முடிவிலும் அவள் பெயர் ஓடியதில்லை. அயலூர்க்காரர்களுக்குச் செய்துகொடுக்கும் வேலையில் பெயர் போடும் வழக்கம் இல்லை என்று ஸ்டுடியோவின் உரிமையாளர் திருமூர்த்தி ஒவ்வொரு முறையும் பொறுமையாக விளக்குவார். அந்தப் பொறுமைதான் அவளுக்கு எரிச்சலூட்டியது. ஆகவே இந்த முறை அவளே இசோமுராவுக்கு எழுதி, வேறெதையும் கேட்காமல் இதை மட்டும் கேட்டாள். சென்னையில் இருந்த மொழிபெயர்ப்பாளர் வழியாகப் பதில் வந்தது: நடைக்கூடத்துக்குள் அச்சத்தை எவர் கொண்டுவருகிறாரோ அவர் பெயர் இறுதிப் பட்டியலில் தனி வரியாக இடம்பெறும். அந்த வரியை அவள் அச்செடுத்துத் தன் கணினியின் ஓரத்தில் ஒட்டிவைத்தாள்.

ஆடி மாதம், காற்று தகரக் கூரைகளை உலுக்கிக்கொண்டிருந்த ஒரு செவ்வாய்க்கிழமை காலையில், தண்ணீர் சுத்திகரிப்பானுக்கும் கழிப்பறைக்கும் இடையே, முந்தைய நாள் வரை காலண்டர் தொங்கிய வெறும் சுவர் இருந்த இடத்தில், அந்த நடைக்கூடம் வந்து நின்றது. முதலில் கண்டவர், ஏழு மணிக்கே வந்து கட்டடம் முழுதும் பெருக்கும் சாந்தாமணி. கட்டட உரிமையாளர் இரவோடிரவாக ஆள் வைத்து இழுத்துக் கட்டியிருப்பார் என்று அவர் எண்ணி, இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை பெருக்கி முடித்துவிட்டு, கோகிலவாணி வந்ததும் ஒரே ஒரு ஐயத்தைத்தான் கேட்டார்.

"புதுசா ஒரு காரிடாரு வந்துருக்குது கண்ணு. மரத்தரை. தண்ணி ஊத்திக் கழுவலாமா, ஈரத்துணி போதுமா?"

கோகிலவாணி போய்ப் பார்த்தாள். ஒவ்வொரு ஆணியும் அவள் அடித்தது. மூன்றாவது பலகையின் நெளிவு, ஏழாவது கதவின் காகிதத்தில் விரல் நுழைந்த ஓட்டை, கூரை மூலையில் மழைநீர் கசிந்த கறை, எல்லாம் அவள் நாட்கணக்காக உட்கார்ந்து வைத்தவை. வெந்த பட்டுப்புழுவின் நாற்றம் மட்டும் அவள் வைக்காதது. கடைசியில் அந்தப் பேய்ப்பெண் நின்றுகொண்டிருந்தாள், சுவரைப் பார்த்தபடி, தலைமுடி சொட்ட. கோகிலவாணி உள்ளே கால் வைக்கவில்லை. வாசலில் நின்று நெடுநேரம் பார்த்துவிட்டு, இனி பயம் வந்துவிடும் என்ற நம்பிக்கையோடு தன் இருக்கைக்குத் திரும்பினாள்.

கட்டடம் அதை எப்படி எடுத்துக்கொண்டது என்பதைச் சொல்ல வேண்டும். நாற்பத்தோரடி நீண்டால் தன் மில்லின் முற்றத்துக்கு மேலாக அல்லவா நீண்டிருக்க வேண்டும் என்று மாவு மில்காரர் மேலே ஏறி வந்து பார்த்தார். கீழே இறங்கிப்போய் அண்ணாந்து பார்த்தார். வெளியே சுவர் சுவராகவே இருந்தது, தன் வானத்தில் எதுவும் துருத்திக்கொண்டிருக்கவில்லை, அது போதும் என்று போய்விட்டார். மாநகராட்சியிலிருந்து ஒருவர் நாடாவோடு வந்து அளந்து, நாற்பத்தோரடி என்று உரக்கச் சொல்லி, வரைபடத்தில் அப்படியொன்று காணப்படாமையால் அப்படியொன்று இல்லை என்று எழுதிக்கொண்டு சென்றார். அளக்க உள்ளே போனபோது அவரும் செருப்பை வெளியே கழற்றிவிட்டுத்தான் போனார், யாரும் சொல்லவில்லை. மரத்தரையும் காகிதக் கதவும் கண்டவுடன் அது பட்டறையோ அலுவலகமோ அல்ல, யாருடைய வீடோ என்று ஒவ்வொருவரின் காலுக்கும் தானாகத் தோன்றிற்று. தோன்றியபடியே சுத்திகரிப்பானுக்குக் கீழே செருப்புகள் குவிந்தன.

வீடென்று தோன்றிய பிறகு வீட்டைப்போல் நடத்துவதற்கு நெடுநாள் ஆகவில்லை. கீழ்த்தளத்தில் மோட்டாருக்குச் செம்புக் கம்பியைச் சுற்றிக் காயில் கட்டும் பட்டறை நடத்திய ரங்கண்ணன், வார்னிஷில் முக்கியெடுத்த காயில்கள் உலர்வதற்குத் தூசியில்லாத இடம் இதைவிடக் கிடையாது என்று கண்டு, கம்பி கட்டி வரிசையாகத் தொங்கவிட்டார். அடுத்த கட்டடத்து மெஸ்காரம்மா, இங்கே வைக்கும் தயிர் மூன்று நாளானாலும் புளிப்பதில்லை என்று கண்டு, ஒன்பது சட்டிகளை ஓரமாக அடுக்கினார். மூன்றாம் மாடித் தட்டச்சுப் பள்ளியின் பெண்கள் நடுப்பகல் இடைவேளையில் வந்து சுவரில் சாய்ந்து கால் நீட்டிச் சாப்பிட்டார்கள்; மிச்சத்தை மூடி, கடைசியில் நிற்பவளுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனார்கள்; மறுநாள் டிபன் பாக்ஸ் கழுவிக் கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கும்.

சாந்தாமணி தினமும் அவளைச் சுற்றிப் பெருக்கினார். முதல் வாரம் சுற்றிப் பெருக்கியதில் அவள் காலடியில் மட்டும் ஒரு வட்டத் தூசி தங்கிவிட்டது. அழுக்கை விட்டுவைத்துப் பழக்கமில்லாத சாந்தாமணி இரண்டாம் வாரம் துடைப்பத்தால் தரையைத் தட்டி, "சித்த காலைத் தூக்கு கண்ணு" என்றார். அவள் தூக்கினாள். முதலில் வலது கால், பிறகு இடது கால். அன்று முதல் அது வழக்கமாயிற்று.

இவ்வளவும் கோகிலவாணியின் கணினிக்குள் போய்ச் சேர்ந்தது என்பதுதான் துன்பம். அவள் கட்டியது வெளியே வந்ததுபோல, வெளியே நடந்தது உள்ளே போயிற்று. ஒசாகாவில் விளையாட்டைச் சோதிப்பவர்கள் எழுதி அனுப்பிய அறிக்கைகளை இசோமுரா ஒவ்வொரு பதினைந்து நாளும் தம் கடிதத்தோடு அனுப்பினார். அவருடைய நாட்டு வழக்கப்படி கடிதம் பருவநிலையில் தொடங்கும். இங்கே சில்வண்டுகள் கத்தத் தொடங்கிவிட்டன; அச்சம் இல்லை. இங்கே முதல் புயல் கடந்துவிட்டது, அச்சம் இல்லை. பேய் ஏன் காலைத் தூக்குகிறாள் என்று மூன்றாவது கடிதத்தில் கேட்டிருந்தார். கோகிலவாணி அவளுடைய அசைவுகளை ஒன்று விடாமல் தேடினாள். காலைத் தூக்கும் அசைவு எந்தக் கோப்பிலும் இல்லை. விளையாடுபவர் விளக்கோடு நெருங்கி வரும்போது, குலை நடுங்கி ஓட வேண்டிய அந்த நொடியில், அவள் பணிவாக வலது காலைத் தூக்கினாள், பிறகு இடது காலைத் தூக்கினாள். சோதித்த பதினைந்து பேரில் பன்னிரண்டு பேர் அந்த நடைக்கூடத்தில் சுவரோடு சாய்ந்து அமர்ந்துவிட்டார்கள் என்றும், இருவர் உறங்கிப்போனார்கள் என்றும், ஒருவர் மட்டும் காரணம் சொல்ல முடியாமல் பசிக்கிறது என்று எழுதினார் என்றும் அறிக்கை கூறிற்று.

அவள் விளக்கின் ஒளியைக் குறைத்தாள். கறைகளைக் கருமையாக்கினாள். கூரையை ஒரு சாண் தாழ்த்தினாள். வெளியே ரங்கண்ணன் கம்பியை ஒரு சாண் இறக்கிக் கட்டிக்கொண்டார். செய்தவை எல்லாம் சரி, சேர்ந்தது எதுவும் சரியில்லை. அறிந்த வேலையை அறிந்தபடி செய்தும் பலன் வராதபோது மனிதருக்கு வரும் கோபம், வேலை அறியாதவன்மேல் வரும் கோபத்தைவிடக் கசப்பானது. அது போய் விழுவதற்கு ஒரு முகம் கிடைப்பதில்லை. கோகிலவாணிக்கு நாள்தோறும் பல முகங்கள் கிடைத்தன.

திருமூர்த்தியிடம் போய், அந்த ஆட்களை வெளியேற்றுங்கள் என்றாள். கட்டடம் முழுதுக்கும் தண்ணீர் ஏற்றும் மோட்டார் ரங்கண்ணன் தயவில்தான் ஓடுகிறது, அவரைப் பகைத்துக்கொள்ள முடியாது என்று அவர் பொறுமையாக விளக்கினார். அவளே ஓர் அட்டையில் 'உள்ளே வரக் கூடாது' என்று பெரிதாக எழுதி வாசலில் மாட்டினாள். செருப்புக் குவியலுக்கு அது நிழலாயிற்று. கடைசியாக ரங்கண்ணனையே நிறுத்திக் கேட்டாள், அங்கே ஒரு பேய் நிற்கிறதே, அது கண்ணுக்குத் தெரியவில்லையா என்று.

ரங்கண்ணன் கையிலிருந்த காயிலைத் திருப்பிப் பார்த்தபடி நிதானமாகச் சொன்னார். "பேய் இல்லீனு நாங்க சொல்லுலீங் அம்மிணி. அது அக்கட்ட நிக்குது, நம்ம காயிலு இக்கட்ட காயுது. அதுக்கும் நமக்கும் என்னங் தகராறு?"

"உங்களுக்குப் பயமா இல்லீங்களாண்ணா?"

"பயப்படோணும்னா சொல்லுங், பயந்துக்கறனுங். ஒரு பத்து நிமிசம் போதுமுங்களா?"

தட்டச்சுப் பெண்கள் சோற்றை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தார்கள். பேயின் தோளும் இலேசாகக் குலுங்கியதாக அவர்களில் ஒருத்தி பிறகு சொன்னாள். அது கோகிலவாணியின் காதுக்கும் எட்டியது.

புரட்டாசியில் ஆயுத பூசை வந்தது. கணினிகளுக்கும் காயில் சுற்றும் இயந்திரங்களுக்கும் சந்தனம் வைத்த கையோடு, நடைக்கூடத்தின் நிலைக்காலுக்கும் பன்னிரண்டு கதவுகளுக்கும் வைத்தார்கள். வாசலில் பூசணிக்காய் உடைத்தார்கள். பொரிகடலைப் பொட்டலம் ஒன்றைக் கடைசியில் நிற்பவள் பக்கத்தில் வைத்தார்கள். பதினைந்தாம் நாள் இசோமுராவின் கடிதம் வந்தது. இங்கே மலைகள் சிவக்கத் தொடங்கிவிட்டன. கதவுகளில் மஞ்சள் நிறப் பொட்டுகள் எதற்காக?

அதற்குமேல் மறைப்பது தொழிலுக்கு அழகல்ல என்று கோகிலவாணி உள்ளதை உள்ளபடி எழுதினாள்: நடைக்கூடம் இங்கே வந்திருக்கிறது, ஆடி மாதத்திலிருந்து இருக்கிறது. மறுநாளே பதில் வந்தது. அதில் வியப்பு சிறிதும் இல்லை. எங்கள் முந்தைய விளையாட்டின்போது எங்கள் அலுவலகத்திலும் ஒரு மாடிப்படி வந்தது, பதினான்கு மாதம் இருந்தது. நாங்கள் ஒருவரும் அதன்மேல் கால் வைக்கவில்லை, அதைச் சுற்றியே நடந்தோம். நீங்கள் யாரையேனும் அதற்குள் நடக்க விட்டீர்களா என்று இசோமுரா கேட்டிருந்தார். கோகிலவாணி நிமிர்ந்து பார்த்தாள். நாற்பது காயில்கள். ஒன்பது தயிர்ச்சட்டிகள். மாவு மில்காரர் துண்டை விரித்து உறங்கிக்கொண்டிருந்தார். கடிதத்தின் அடியில் இன்னும் ஒரு வரி இருந்தது: கார்த்திகை மாதத்தின் கடைசி வெள்ளிக்கிழமைக்குள் அச்சம் வராவிட்டால் நடைக்கூடம் முழுவதையும் விளையாட்டிலிருந்து எடுத்துவிடுவதைத் தவிர வேறு வழியில்லை.

ஒன்பது மாதமும் அதன்மேல் நான்கு மாதமும், நாற்பத்தோரடி, ஒரு வரிப் பெயர். எடுத்துவிடுவார்கள்.

அவள் சாந்தாமணியிடம் சென்று, மற்றவர்கள் கேட்க மாட்டார்கள், நீங்களாவது அவளோடு பேசுவதை நிறுத்துங்கள், அவள் காலைத் தூக்குவதால்தான் பாதிக் கேடு என்றாள். சாந்தாமணி துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு, வாதாடாமல், நடைக்கூடத்தின் கடைசியைக் காட்டினார்.

"அவ கையப் பாத்தயா கண்ணு? வெளுத்து ஊறிக் கெடக்குது. நாள் பூராச் சுடுதண்ணிக்குள்ளயே கைய உட்டுருந்தா அப்பிடித்தான் ஆகும். நானும் பல்லடத்துப் பக்கம் மில்லு ஆஸ்டல்ல மூணு வருசம் இருந்தவதான். எங்களுக்குப் பஞ்சு மூக்குக்குள்ள. அவளுக்குச் சுடுதண்ணி. பாத்தாத் தெரியாதா?"

"அக்கா, நா கேக்கறது அதில்ல. அவளப் பாத்தாப் பயம் வரோணும்."

"பேய்க்கு யாரு பயந்தா? நூத்தியிருவது புள்ளைக ஒரே கூடத்துல கெடந்தோம். அங்க ஒருத்தருக்கும் உள்ளுக்குள்ள செருப்புக் கெடையாது. வார்டனம்மா மட்டுந்தான் செருப்போட நடக்கும். டொக்கு டொக்குனு. அது கேட்டா மூச்சே நின்னு போயிரும்." அவர் துடைப்பத்தை எடுத்துக்கொண்டார். "பேயாமா, பேயி."

கேட்ட வினாவுக்கு விடை வரவில்லை என்று மட்டும் கோகிலவாணி எண்ணினாள். விடை வந்துவிட்டதை அவள் காது வாங்கவில்லை. கோபத்தில் இருப்பவர்கள் தாம் தேடும் பொருளின்மேல் நின்றுகொண்டே தேடுவார்கள்.

கார்த்திகையின் கடைசி வாரம், செவ்வாய்க்கிழமை, பகல் ஒரு மணிக்குப் பத்தாவது அறிக்கை வந்தது. பதினைந்து பேரும் அமர்ந்துவிட்டார்கள். நடைக்கூடத்தைக் கடக்க மனம் வரவில்லை, இங்கேயே இருந்துவிடலாம் போலிருக்கிறது என்று எல்லாரும் எழுதியிருந்தார்கள். அப்போது நடைக்கூடத்திலிருந்து ஒரு சிரிப்பொலி எழுந்தது. ரங்கண்ணன் ஏதோ சொல்லியிருக்க வேண்டும். கோகிலவாணி நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தாள். அத்தனை மாதங்களில் ஒருமுறைகூட அவள் அதற்குள் காலடி வைத்ததில்லை. பயத்தைக் கெடுக்கக் கூடாது என்று காத்துவைத்திருந்தாள். இப்போது அவர்களைக் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளும் வேகத்தில் போனாள், அந்த வேகத்தில் அந்தக் கட்டடத்தில் எவரும் செய்யாத ஒன்றைச் செய்தாள். உயரக் குதிகால் வைத்த தன் செருப்புகளோடு மரத்தரையில் ஏறினாள்.

முதல் அடியில் சிரிப்பு நின்றது. இரண்டாம் அடியில் முதல் கதவு தானாகச் சாத்திக்கொண்டது. மூன்றாம் அடியில் அதற்கு எதிர்க் கதவு. அடிக்கொரு கதவாக, மெதுவாக, உள்ளிருந்து யாரோ மூச்சை அடக்கிக்கொண்டு இழுப்பதுபோல அவை சாத்திக்கொண்டே போயின. தொங்கிய காயில்கள் ஒன்றோடொன்று உரசாமல் அசைவற்று நின்றன. ரங்கண்ணனும் தட்டச்சுப் பெண்களும் எழுந்து, எதற்கென்று அறியாமலே, முதுகைச் சுவரோடு ஒட்டிக்கொண்டார்கள். அவர்கள் பார்த்தது நடைக்கூடத்தின் கடைசியில் நிற்பவளை அல்ல. அவர்கள் கோகிலவாணியைப் பார்த்தார்கள்.

கடைசியில் நின்றவள், வந்த நாளிலிருந்து முதன்முறையாகத் திரும்பினாள். வெளுத்து ஊறிய இரண்டு கைகளாலும் முகத்தை மூடியிருந்தாள்.

ஏழாவது அடியில் கோகிலவாணிக்குப் புரிந்துவிட்டது. பயம் எங்கே இருக்கிறது, எந்தத் திசையில் ஓடுகிறது, யாரிடமிருந்து யாரிடம் போகிறது என்பதெல்லாம் ஒரே கணத்தில் புரிந்தது. சாந்தாமணி சொன்னதும் அப்போதுதான் காதில் விழுந்தது. ஏழாவது அடியில் அவள் நின்றிருக்கலாம், குனிந்து செருப்பைக் கழற்றியிருக்கலாம். நிற்கவில்லை. நாற்பத்தோராவது அடி வரை, அடி தவறாமல், இன்னும் சற்று அழுத்தமாகவே நடந்தாள். இதை மறைப்பதற்கில்லை.

மறுநாள் புதன்கிழமை காலையில் ஒசாகாவிலிருந்து கடிதம் வந்தது. அதில் பருவநிலை இல்லை. பதினைந்து பேரில் ஒருவராலும் நடைக்கூடத்தில் பத்தடிக்குமேல் போக முடியவில்லை. தம் காலடி ஓசையைத் தாமே தாங்க முடியாமல் நால்வர் விளையாட்டை நிறுத்திவிட்டார்கள். அவள் ஒன்றும் செய்வதில்லை, முகத்தை மூடிக்கொண்டு நிற்கிறாள், அதைப் பார்க்க முடியவில்லை என்கிறார்கள். அச்சம் வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை வரை எதையும் தொடாதீர்கள்.

மற்றப் பத்துப் பேரும் கைதட்டினார்கள். திருமூர்த்தி ஒரு கிலோ மைசூர்பாகு வரவழைத்தார். நடைக்கூடத்தின் வாசலில் சாந்தாமணி துடைப்பத்தோடு நின்றுகொண்டிருந்தார், உள்ளே போகாமல். ஒன்பது சட்டித் தயிரும் ஒரே பகலில் புளித்துப்போய், மெஸ்காரம்மா ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டிருந்தார்.

"காலைத் தூக்கச் சொன்னா அவ கேக்கறதில்ல கண்ணு. நா வந்தாலும் மூஞ்சிய மூடிக்கறா," என்றார் சாந்தாமணி. "நீ செருப்ப வெளிய உட்டுப்போட்டு உள்ள போயி அவகிட்ட சும்மா நில்லு. இன்னைக்கும் நாளைக்கும் நின்னாப் போதும். இப்பத்தான பயந்துருக்கறா, மறந்துருவா."

கோகிலவாணி வெள்ளிக்கிழமையை எண்ணிப் பார்த்தாள். எண்ணுவதற்கு அதிக நேரம் ஆகவில்லை. "வெள்ளிக்கெழம போகட்டுங்க்கா. சனிக்கெழம நா போயி நிக்கறேன்."

சாந்தாமணி அவளைத் திட்டவில்லை. துடைப்பத்தின் பிடியை உள்ளங்கையில் தட்டி நேர்செய்துகொண்டார்.

"எங்க வார்டனம்மாளும் நல்ல பொம்பளதான் கண்ணு. ஒரு நாளும் கை நீட்டுனதில்ல," என்று சொல்லிவிட்டுப் படிக்கட்டைப் பெருக்கப் போனார்.

வெள்ளிக்கிழமை நடைக்கூடம் ஒசாகாவுக்குப் போய்ச் சேர்ந்தது, ஏற்கப்பட்டது, பூட்டப்பட்டது. சனிக்கிழமை காலையில் கோகிலவாணி செருப்பைச் சுத்திகரிப்பானுக்குக் கீழே கழற்றிவிட்டு வெறுங்காலோடு உள்ளே போனாள். முதல் அடி வைத்தபோது மரத்தரையில் டொக்கென்று கேட்டது. அவள் குனிந்து தன் காலைப் பார்த்தாள், வெறுங்கால்தான். நுனிக்காலில் நடந்தாள், அப்போதும் கேட்டது. உட்கார்ந்து நகர்ந்தாள், அப்போதும், எங்கிருந்தோ, அவள் அசைவுக்கு அசைவாக, கேட்டது. பன்னிரண்டு கதவுகளும் சாத்தியே இருந்தன. கடைசியில் நின்றவள் கையை எடுக்கவில்லை. கோகிலவாணி ஞாயிறும் போனாள், திங்களும் போனாள், மார்கழி பிறக்கும் வரை ஒவ்வொரு நாளும் போய் அரை மணி நேரம் சுவரோரமாக நின்றாள். ரங்கண்ணன் காயில்களைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார். தட்டச்சுப் பெண்கள் மாடியிலேயே சாப்பிட்டார்கள். செருப்புக் குவியல் இருந்த இடத்தில் அவளுடைய இரண்டு மட்டும் கிடந்தன.

மார்கழியில் ஒருநாள் அங்கே பழைய சுவர் இருந்தது, பழைய காலண்டர் தொங்கியது. சாந்தாமணி அந்தச் சுவரின் அடிப்பகுதியைக் கூடுதலாக ஒருமுறை பெருக்கிவிட்டுப் போனார்.

விளையாட்டு சித்திரையில் வெளிவந்தது. பெரும் பெயர் பெற்றது. அந்த நடைக்கூடத்தைப் பற்றியே எல்லாரும் எழுதினார்கள். திருமூர்த்தி இறுதிப் பட்டியலைச் சுவரில் பெரிதாக ஓடவிட்டார். பதினொரு பேரும் நாற்காலிகளை இழுத்துப்போட்டுக்கொண்டு அமர்ந்தார்கள். இயக்கம் போயிற்று, எழுத்து போயிற்று, இசை போயிற்று. இடங்களை அமைத்தவர்கள் என்ற பகுதி வந்தது. அதில் ஸ்டுடியோவின் பெயர் மட்டும் சிறிய எழுத்தில் ஓடி மறைந்தது. கோகிலவாணி அசையாமல் இருந்தாள். நன்றிகளும் முடியப்போகும் நேரத்தில், திரை சில நொடிகள் கருமையாகி, தனியாக ஒரு வரி மேலே ஏறியது.

காலடி ஓசை: கோகிலவாணி.

அன்றே அவள் இசோமுராவுக்கு எழுதினாள். தவறு நேர்ந்திருக்கிறது, நான் எந்த ஓசையையும் பதிவு செய்யவில்லை, நாற்பத்தோரடியையும், பலகைகளையும், ஆணிகளையும், கதவுகளையும் கட்டியவள் நான், அவற்றின் கீழ் என் பெயர் இருந்திருக்க வேண்டும். மூன்றாம் நாள் பதில் வந்தது.

"மதிப்பிற்குரிய கோகிலவாணி அவர்களுக்கு. இங்கே பூக்கள் உதிர்ந்துவிட்டன. தவறு ஏதும் நேரவில்லை. அச்சத்தைக் கொண்டுவந்தவர் பெயர், வாக்களித்தபடி, தனி வரியில் இடம்பெற்றிருக்கிறது."

அவள் அதை இருமுறை படித்தாள். கணினியின் ஓரத்தில் ஒட்டியிருந்த பழைய வரியை எடுத்துவந்து இதன் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டாள், சொல் பிசகவில்லை. பிறகு கணினியை அணைத்துவிட்டு, பகல் உணவுக்காகப் படியிறங்கினாள். இரண்டாம் படியில் சாந்தாமணி துடைத்துக்கொண்டிருந்தார். வாளியை இழுத்துக்கொண்டு சுவரோடு ஒதுங்கி வழிவிட்டார். கீழே பட்டறையில் ரங்கண்ணன் யாரையோ கேலி செய்து எதையோ சொல்லிக்கொண்டிருந்தது படிக்கட்டு வரை கேட்டது. டொக், டொக் என்று படிகளில் ஓசை இறங்கியது. ரங்கண்ணனின் பேச்சு பாதியில் நின்றது. காயில் சுற்றும் இயந்திரமும் நின்றது.

கோகிலவாணியின் செருப்புகள் இரண்டும் அவள் கையில் இருந்தன.